தொலைவிலிருந்து எழுதப்பட்ட நகரம்: அப்துல் ஹலீம் ஷரரின் லக்னோ நூலும் அதன் சான்று மதிப்பும்

முன்னுரை

ஒரு நகரத்து மக்கள் என்ன உண்டார்கள், எதை உடுத்தினார்கள், ஒருவரையொருவர் எப்படி வணங்கினார்கள், மாலைப் பொழுதை எதில் கழித்தார்கள் என்பதை அரசு ஆவணங்கள் அரிதாகவே சொல்கின்றன. வரிப் பேரேட்டில் கடையின் பெயர் இருக்கும். கடையில் விற்ற பண்டத்தின் சுவை இராது. ஆதலால் நகர வாழ்வை எழுத முனையும் வரலாற்றாய்வாளர், அந்நகரைப் பற்றி அதன் மக்களுள் ஒருவர் எழுதிய நூலைத் தேடிச் செல்கிறார். லக்னோவைப் பொறுத்தவரை அத்தகைய நூலாக ஏறத்தாழ எல்லோரும் கைக்கொள்வது அப்துல் ஹலீம் ஷரர் (1860–1926) உருது மொழியில் எழுதிய 'குஸிஷ்தா லக்னவ்'. 'கடந்துபோன லக்னோ' என்பது அதன் பொருள். நவாபுகள் கால லக்னோவின் சமையல், உடை, பறவைச் சண்டை, இசை, வெற்றிலைப் பெட்டி பற்றி எழுதுவோர் இந்நூலை நேரில் கண்டவரின் சாட்சியமாக மேற்கோள் காட்டுவது வழக்கமாகிவிட்டது. அவ்வழக்கம் நூலாசிரியரின் வாழ்க்கைக் குறிப்புகளோடு பொருந்தவில்லை என்பதையும், அப்பொருத்தமின்மையைக் கணக்கில் கொண்டால் நூலின் சான்று மதிப்பு குறையாமல் இடம் மாறுகிறது என்பதையும் இக்கட்டுரை எடுத்துரைக்கிறது.

நூலும் நூலாசிரியரும்

அவத் அரசு கிழக்கிந்தியக் கம்பெனியின் ஆட்சிப் பகுதியோடு இணைக்கப்பட்டது 1856 பிப்ரவரியில். ஷரர் பிறந்தது 1860இல். அதாவது, அவர் வருணிக்கும் அரசவை லக்னோ அவர் பிறப்பதற்கு முன்பே முடிந்துவிட்டது. 1857 எழுச்சி ஒடுக்கப்பட்ட பின் நகரின் நெருக்கமான பகுதிகளை இடித்து, படைகள் தடையின்றிச் செல்ல அகன்ற சாலைகளை அமைக்கும் பணி ராபர்ட் நேப்பியரின் திட்டப்படி நடைபெற்றது. ஷரர் தவழ்ந்த தெருக்கள் அவர் எழுதிய தெருக்கள் அல்ல.

பதவி இழந்த வாஜித் அலி ஷா கல்கத்தாவுக்குச் சென்று, 1857–59இல் வில்லியம் கோட்டையில் காவலில் வைக்கப்பட்டு, விடுதலைக்குப் பின் நகரின் தெற்கே ஹூக்ளிக் கரையிலுள்ள மட்டியா புர்ஜில் தங்கினார். ஆண்டுக்குப் பன்னிரண்டு லட்சம் ரூபாய் ஓய்வூதியம் அவருக்குக் கிடைத்தது. ஷரரின் தந்தை அந்த அரசவையில் பணியாற்றியவர். மகனும் ஒன்பதாம் வயதில் அங்குச் சென்று, ஏறக்குறைய பத்தொன்பது வயது வரை வாழ்ந்தார். பின்னர் லக்னோ திரும்பி, நாளிதழ்ப் பணி, ஹைதராபாத் அரசுப் பணி, இங்கிலாந்துப் பயணம் எனப் பல நிலைகளைக் கடந்தார். 1887இல் 'தில்குதாஸ்' என்னும் தம் இதழைத் தொடங்கினார். வாஜித் அலி ஷா மறைந்ததும் அதே ஆண்டில்தான். அவ்விதழில் 1913 முதல் பல ஆண்டுகள் தொடராக வந்த கட்டுரைகளே பின்னர் நூலாயின.

கட்டுரைத் தொடருக்கு ஷரர் இட்ட தலைப்பு, 'இந்துஸ்தானத்தில் கீழைப் பண்பாட்டின் இறுதி நமூனா' என்று பொருள்படும். 1975இல் ஹார்கோர்ட், ஃபாகிர் ஹுசைன் ஆகியோர் செய்த ஆங்கில மொழிபெயர்ப்பில் இச்சொல் 'கட்டம்' என்னும் பொருளுடைய சொல்லாக மாறிற்று. நமூனா தமிழுக்கும் புதிய சொல்லன்று. மாதிரி, படிவம் என்ற பொருளில் நம் பழைய அலுவலகத் தாள்களிலும் வழங்கியதுதான். கட்டம் என்றால் காலம் நகர்கிறது. மாதிரி என்றால் ஒரு பொருள் எடுத்துவைத்துக் காட்டப்படுகிறது. ஷரர் செய்தது இரண்டாவதை. உருது அறியாத நம்மில் பெரும்பாலோர் ஆங்கில வழியாகவே இந்நூலை அடைவதால், இவ்வேறுபாடு நம் வாசிப்பைச் சிறிது திசைதிருப்பியிருக்கிறது.

கேட்டது

நூலின் செய்திகளை அவை ஆசிரியரை வந்தடைந்த வழியைக் கொண்டு பிரித்தால் மூன்று அடுக்குகள் தென்படுகின்றன. முதலாவது, முதியோரிடம் கேட்டவை. ஆசப் உத் தௌலா (ஆட்சி 1775–1797) காலத்துச் சமையல்காரர் ஒருவரைப் பற்றிய கதை இதற்குத் தக்க எடுத்துக்காட்டு. உளுந்தம்பருப்பு மட்டுமே சமைப்பேன், மாதம் ஐந்நூறு ரூபாய் ஊதியம் வேண்டும், ஆக்கிய உடனே நவாப் வந்து உண்ண வேண்டும் என்பன அவருடைய நிபந்தனைகள். ஒருநாள் பலமுறை சொல்லியனுப்பியும் நவாப் வரவில்லை. சமையல்காரர் பருப்பை ஒரு பட்டமரத்தின் வேரில் கொட்டிவிட்டுப் போய்விட்டார், மரம் தளிர்த்தது.

இதனைப் பதினெட்டாம் நூற்றாண்டு ஊதிய விவரமாக எடுத்துக்கொள்வோர் உளர். பட்டமரம் தளிர்த்ததை ஏற்காதவர், அதே வாக்கியத்துக்கு முன்னுள்ள ஐந்நூறு ரூபாயை மட்டும் ஏற்பது எந்த ஆய்வு நெறியின்படி என்பது விளங்கவில்லை. இக்கதையின் சான்று மதிப்பு வேறு. ஆட்சி போனபின் வாழ்ந்த தலைமுறை, கைவினைஞனுக்கும் காவலனுக்கும் இருந்த உறவை எப்படி நினைத்துப் பார்க்க விரும்பியது என்பதை இது காட்டுகிறது. நவாபின் பெருமை அவர் கொடுத்த ஊதியத்தில் இருந்தது. சமையல்காரரின் பெருமை அதை விட்டுச் செல்லும் துணிவில் இருந்தது. ஊதியத்தை விட்டுச் செல்ல இயலாத குமாஸ்தா வாழ்வைத் தொடங்கிவிட்ட ஒரு தலைமுறை இதைச் சொல்லி மகிழ்ந்திருப்பதில் வியப்பில்லை.

கண்டது

இரண்டாம் அடுக்கு மட்டியா புர்ஜில் கண்டவை. நூலின் நடை இங்கு மாறிவிடுகிறது. நவாபுகளின் வரிசையைக் கூறும் பகுதிகளில் ஷரர் பிற வரலாற்று நூல்களைத் தழுவி எழுதுகிறார். மட்டியா புர்ஜுக்கு வந்ததும் அளவும் இடமும் நிறமும் வாக்கியங்களுக்குள் நுழைகின்றன. சுல்தான் கானா, அசத் மன்சில், முரஸ்ஸா மன்சில் எனக் கட்டடங்கள் பெயரோடு வருகின்றன. விலங்குத் தோட்டத்தில் ஒட்டகச்சிவிங்கியும் இரட்டைத் திமில் ஒட்டகமும் நிற்கின்றன. ஏற முடியாதபடி வழவழப்பாக்கிய சுவர்களுடைய ஒரு தொட்டி, அதன் நடுவில் செய்குன்று, அதில் நெளியும் பாம்புகள், அவை தவளைகளைத் துரத்திப் பிடிக்கும் காட்சி ஆகியவற்றை அவர் எழுதும் முறை, அருகில் நின்று அஞ்சியும் மகிழ்ந்தும் பார்த்த சிறுவனின் நினைவு என்றே கொள்ளத்தக்கது.

ஷரர் தாமே ஒன்றை வெளிப்படையாகச் சொல்கிறார்: மட்டியா புர்ஜில் இருந்தவருக்கு வங்காளத்தில் இருக்கும் உணர்வே எழாது, அதே பேச்சு, அதே கவியரங்கு, அதே காற்றாடி, அதே காடைச் சண்டை, அதே முஹர்ரம். இக்கூற்றைப் பெரும்பாலும் ஒற்றுமைக்குச் சான்றாகவே படித்துவந்துள்ளனர். ஆயின் ஷரர் ஒன்பது வயது வரை கண்ட லக்னோ ஆட்சியிழந்த லக்னோ. 'அதே' என்று ஒப்பிட அவரிடம் இருந்த மூலம் எது? பெரியோர்களின் பேச்சே. அவர்கள் மட்டியா புர்ஜைக் காட்டி 'லக்னோவில் இப்படித்தான்' என்று கூறியிருப்பார்கள். நகல் முதலில் கண்ணில் பட்டது. மூலம் அதன் வழியே கற்பிக்கப்பட்டது. நூலில் வரும் நவாப் கால அன்றாட வாழ்வின் கணிசமான பகுதி, ஹூக்ளிக் கரையில் 1869–79 காலத்தில் கண்டதைக் கோமதிக் கரையில் 1850க்கு முன் நிறுத்தி எழுதியதாக இருத்தல் கூடும் என்பது என் கருத்து.

இவ்விடப்பெயர்ச்சி ஆய்வுக்கு இன்றியமையாதது. ஏனெனில் இரண்டு இடங்களின் பொருளியல் ஒன்றல்ல. லக்னோ ஒரு நாட்டின் தலைநகரம். கிராமங்களின் நிலவரி, படை, நீதிமன்றம், கணக்கு அலுவலகம் எல்லாம் அதற்குள் இருந்தன. மட்டியா புர்ஜில் நாடில்லை. ஓய்வூதியமும் அதைச் செலவிடும் அரண்மனையும் மட்டுமே இருந்தன. ஆளும் பணி நீங்கிய அரசவையில் எஞ்சுவது சமையல், இசை, பறவை, உடை, உபசாரம். ஷரரின் நூலில் லக்னோ இவற்றாலேயே ஆன நகரமாகத் தோன்றுவதற்கு இதுவே முதன்மையான காரணமாகலாம். நகரின் 'வாழ்க்கை முறை' என்று நாம் அழைப்பது, அரசியலும் நிலவரியும் கழிக்கப்பட்ட பிறகு எஞ்சிய பகுதி.

உணவுப் பகுதியில் வரும் புகழ்பெற்ற விருந்துக் கதையையும் இங்கு நோக்கலாம். தில்லி இளவரசர் மிர்சா ஆஸ்மான் கத்ருக்கு வாஜித் அலி ஷா விருந்தளித்தபோது பழப்பாகு போல் வைக்கப்பட்டது உண்மையில் இறைச்சிக் குருமா. ஏமாந்த இளவரசர் மறுவிருந்தில் சோறு, ரொட்டி, ஊறுகாய், தட்டு வரை அனைத்தையும் சர்க்கரையிலேயே செய்துவைத்துப் பழிதீர்த்தார். ஒரு பேரரசின் வாரிசும் ஓர் அரசின் தலைவரும் போட்டியிட எஞ்சியிருந்த களம் தஸ்தர்கான் விரிப்பு ஒன்றே. ஷரர் இதனை நகைச்சுவையாகவே எழுதுகிறார். அந்நகைச்சுவையில் குத்தல் இல்லாமலில்லை.

மூன்றாம் அடுக்கு, 1880க்குப் பின் ஷரர் தாமே வாழ்ந்த லக்னோ. அங்கர்கா, சப்கன், அச்கன், ஷேர்வானி என ஆண்களின் மேலுடை மாறிவந்த வரிசையை அவர் கூறுமிடத்தில் பிற்பகுதி முழுதும் அவர் காலத்துச் செய்தி. இதில் ஐயத்துக்கு இடம் குறைவு.

இதே பழக்கங்கள், வேறு வழக்கு

இவ்வடுக்குகளைப் பிரிப்பது நூலியல் நுணுக்கம் மட்டுமன்று. லக்னோ ரேசிடெண்டாக இருந்த ஸ்லீமன் 1849–50இல் அவத் நாட்டில் சுற்றுப்பயணம் செய்து எழுதிய நூல் 1858இல் வெளிவந்தது. அரசன் இசைவாணருடனும் அரண்மனைப் பணியாளருடனும் பொழுதைக் கழிக்கிறான், நாடு சீரழிகிறது என்பது அதன் வாதம். இணைப்பை நியாயப்படுத்தியோர் இவ்வாதத்தைப் பயன்படுத்தினர். ஷரர் அதே இசையையும் அதே பறவைகளையும் பண்பாட்டின் உச்சம் என்கிறார். தீர்ப்பு தலைகீழானது, சான்றுப் பட்டியல் மாறவில்லை. சில இடங்களில் தீர்ப்பும் அவ்வளவு மாறவில்லை. வீரத்தைத் தாமே காட்ட இயலாதவர்கள் விலங்குகளின் வீரத்தைக் கண்டு மகிழ்கிறார்கள் என்று விலங்குச் சண்டைப் பகுதியில் ஷரர் கூறும் கருத்தை ஸ்லீமன் மறுத்திருக்க மாட்டார். மட்டியா புர்ஜின் ஓய்வு வாழ்வைக் கொண்டு லக்னோவை எழுதியதால், ஆட்சி பறிக்கப்பட்டதன் விளைவு ஒன்று ஆட்சி பறிக்கப்பட்டதற்கான காரணம் போலத் தோற்றமளிக்கிறது. நூலை அடுக்கு பிரிக்காமல் மேற்கோள் காட்டும் ஆய்வாளர், தாம் அறியாமலே டல்ஹௌசியின் வழக்குக்குச் சாட்சி சொல்கிறார்.

பிற சான்றுகளோடு ஒப்பிடும்போது இது மேலும் தெளிவாகும். மீர் ஹசன் அலி என்பவரை மணந்து இந்தியாவில் பன்னிரண்டு ஆண்டுகள், பெரும்பாலும் லக்னோவில், வாழ்ந்த ஆங்கிலப் பெண்மணி 1832இல் வெளியிட்ட கடித நூல், மகளிர் வாழ்ந்த ஜெனானாவின் அன்றாடத்தை ஆட்சி நடந்துகொண்டிருந்த காலத்திலேயே பதிவு செய்தது. அயலாரின் பார்வை என்று ஒதுக்கப்படும் இந்நூலே காலத்தால் நெருங்கிய சான்று. கணிகையரைப் பொறுத்தவரை, அவர்களோடு பழகாதவன் நயத்தக்க நாகரிகம் பெறான் என்று நகரத்தார் கருதியதை ஷரர் குறிப்பிட்டு, ஒழுக்கக் கேடு பற்றிய வருத்தத்தையும் சேர்க்கிறார். வீணா தல்வார் ஓல்டன்பர்க் 1858–77 காலத்து நகர வரிப் பேரேடுகளை ஆராய்ந்தபோது, அவர்கள் மிக உயர்ந்த வருமான வரிப் பிரிவில் இருந்ததையும், எழுச்சிக்கு உதவியதற்காகப் பறிமுதல் செய்யப்பட்ட சொத்துப் பட்டியலில் இடம்பெற்றதையும் கண்டறிந்தார். ஷரரிடம் அவர்கள் நாகரிகம் கற்பிப்போர். பேரேட்டில் சொத்துடையோர், அரசியலில் பங்கு கொண்டோர். கட்டுரையின் தொடக்கத்தில் பேரேடு சுவையைச் சொல்லாது என்றேன். சுவையைச் சொல்லும் நூல் சொத்தைச் சொல்லாது என்பதையும் சேர்த்துக்கொள்ள வேண்டும்.

வெளியேறியோரின் லக்னோ

லக்னோவைத் தொலைவிலிருந்து எழுதியவர் ஷரர் மட்டுமல்லர். ரஜப் அலி பேக் சுரூர் 1824இல் எழுதிய 'ஃபஸானா-ஏ-அஜாயிப்' உரைநடைக் கதையின் முன்பகுதி லக்னோவின் கடைத்தெருவையும் தின்பண்டங்களையும் புகழ்கிறது. அதை எழுதும்போது சுரூர் நகரிலிருந்து விலக்கப்பட்டுக் கான்பூரில் இருந்தார். வாஜித் அலி ஷா தம் துயரைப் பாடிய 'ஹுஸ்ன்-ஏ-அக்தர்' வில்லியம் கோட்டைச் சிறைவாழ்வில் தோன்றியது. ஷரர் போற்றும் ஃபிரங்கி மஹல் கல்விக் குடும்பத்தின் பெரும் அறிஞர் அப்துல் அலி லக்னோவை நீங்கிப் பல ஊர்களில் கற்பித்து, இறுதியில் ஆர்க்காட்டு நவாபின் ஆதரவில் சென்னைக்கு வந்து 1810இல் இங்கேயே மறைந்தார். திருவல்லிக்கேணி வாலாஜா பள்ளிவாசல் வளாகத்தில் அவர் அடக்கம் செய்யப்பட்டுள்ளார்.

இவர்களுள் ஷரருக்கு ஒரு தனி நிலை உண்டு. சுரூரும் வாஜித் அலி ஷாவும் தாம் இழந்ததை எழுதினர். ஷரர் தமக்கு முன்பே இழக்கப்பட்டதை எழுதினார். அவர் தாமே இழந்தது மட்டியா புர்ஜ். 1887இல் வாஜித் அலி ஷா இறந்தபின் அரண்மனைச் சொத்துகள் கலைக்கப்பட்டன, விலங்குகள் விற்கப்பட்டன, ஊழியர் குடும்பங்கள் சிதறின. கல்கத்தாவின் துறைமுக வளர்ச்சி அக்கரையை ஆட்கொண்டது. அந்தப் புறநகரின் முப்பதாண்டு வாழ்வை உள்ளிருந்து விரிவாகக் கூறும் எழுத்துகள் மிகச் சில. அவற்றுள் முதன்மையானவை லக்னோவைப் பற்றியதெனத் தலைப்பிட்ட ஒரு நூலுக்குள் உள்ளன. கல்கத்தாவின் நகர வரலாற்றை எழுதுவோர் அந்நூலை இன்னும் தம் அலமாரியில் சேர்க்கவில்லை.