நிலாவெளி வீதிக் கல்லறைகளும் சம்பூர்க் கஞ்சியும்

கொஞ்சம் நீண்ட பதிவு. நேரமிருப்பவர்கள் முழுவதையும் வாசியுங்கள். பாதியில் நிறுத்திவிட்டுக் கருத்துப் பெட்டியில் சண்டை போட வேண்டாம்.

சில வாரங்களுக்கு முன் தரம் 10 பிள்ளைகளை நிலாவெளி வீதியிலுள்ள யுத்த மயானத்துக்குக் கூட்டிப் போயிருந்தோம். நம் பெரியவர்கள் 'வெள்ளைக்காரன் சவக்காலை' என்று சொல்லும் இடம்தான். இரண்டாம் உலகப் போரில் இறந்த முந்நூறுக்கும் மேற்பட்டவர்கள் அங்கே அடக்கப்பட்டிருக்கிறார்கள். வெட்டிய புல், வரிசை குலையாத கற்கள், கல்லில் பெயரும் படைப்பிரிவும் வயதும். பிள்ளைகள் வயதுகளைத்தான் சத்தமாக வாசித்துக்கொண்டு போனார்கள். தங்களைவிட நாலைந்து வயது மூத்தவர்கள் என்று தெரிந்ததும் சத்தம் குறைந்துவிட்டது.

திரும்பும்போது ஒரு மாணவி கேட்டாள்: "சேர், எண்பது வருசத்துக்கு முந்தி மௌத்தான வெள்ளைக்காரன்ட கபுறுக்குப் புல்லு வெட்ட ஆள் இருக்கு. சம்பூர்ல கஞ்சி குடுத்த பொம்பளைகள ஏன் சேர் பொலிஸ் புடிச்ச?"

அதற்குள் பஸ் வந்துவிட்டது. அவளுக்கு நாம் சொல்லாமல் விட்ட பதில்தான் இந்தப் பதிவு.

முதலில் 1942. அந்த ஏப்ரல் 5 ஆம் திகதி ஜப்பானிய விமானங்கள் கொழும்பைத் தாக்கின, 9 ஆம் திகதி திருகோணமலையை. துறைமுகம் எரிந்தது, சீனக்குடாவில் எண்ணெய்த் தாங்கி எரிந்தது. தாக்குதல் வரப்போகிறது என்று முந்தின இரவே துறைமுகத்தை விட்டு வெளியேறிய ஹெர்மிஸ் என்ற விமானந்தாங்கிக் கப்பலை மட்டக்களப்புக்கு அப்பால் பிடித்து மூழ்கடித்தார்கள். அதில் மட்டும் 307 பேர் இறந்தார்கள். அன்று நம் துறைமுகத்தில் தீப்பிடித்த சகாயிங் என்ற கப்பலை 2018 இல்தான் கடற்படை மேலே தூக்கியது.

எரிந்த எண்ணெய்த் தாங்கி பற்றி நம் ஊரில் ஒரு கதை உண்டு. ஜப்பானிய விமானி தற்கொலைப் படையாக வந்து வேண்டுமென்றே அதில் மோதினான் என்பார்கள். பாடசாலைச் சுற்றுலா வழிகாட்டிகளும் அதைத்தான் சொல்கிறார்கள், ஒரு காலத்தில் நாமும் வகுப்பில் சொல்லியிருக்கிறோம். ஆனால் ஜப்பான் கமிகாஸே பிரிவை அமைத்தது 1944 ஒக்டோபரில். இரண்டரை வருடம் முன்னால் விழுந்த விமானத்துக்குப் பின்னால் வந்த வீரக் கதையைப் போர்த்திவிட்டோம். நினைவு இப்படித்தான் வேலை செய்கிறது. யாரும் பொய் சொல்ல வேண்டும் என்று உட்கார்ந்து திட்டமிட வேண்டியதில்லை. சுவையான கதை சுவையற்ற கதையைத் தள்ளிவிடும்.

அந்த மயானத்தைப் பராமரிக்கும் பொதுநலவாய யுத்த மயான ஆணைக்குழு 1917 இல் தொடங்கப்பட்டது. அதிகாரிக்கும் சாதாரணச் சிப்பாய்க்கும் ஒரே மாதிரிக் கல் என்பது அதன் கொள்கை. நல்ல கொள்கைதான், நமது கபுறுஸ்தான்களுக்குக்கூடப் பொருந்தும். ஆனால் அந்த ஆணைக்குழுவே 2021 இல் ஓர் அறிக்கை வெளியிட்டு மன்னிப்புக் கேட்டது. முதலாம் உலகப் போரில் பிரித்தானியாவுக்காகச் செத்த ஆபிரிக்கர், இந்தியர், மத்திய கிழக்கைச் சேர்ந்தவர்களில் குறைந்தது 116,000 பேர், ஒருவேளை 350,000 பேர் வரை, பெயர் சொல்லியோ, எந்த வகையிலுமோ நினைவுகூரப்படவில்லை. சுமை தூக்கிய ஆபிரிக்கனுக்குக் கல் தேவையில்லை என்று அன்றிருந்த அதிகாரிகள் முடிவெடுத்திருந்தார்கள். சாம்ராஜ்யத்துக்குச் சாகும்போது எல்லோரும் ஒன்று, கல் வெட்டும்போது இல்லை. 1942 இல் நம் துறைமுகத்தில் கூலிக்குச் சுமை இறக்கிய தமிழனுக்கும் முஸ்லிமுக்கும் சிங்களவனுக்கும் ஊரில் ஒரு பலகைகூட நம் கண்ணில் பட்டதில்லை.

இதை முதலில் கேள்வி கேட்டவர்கள் யார் தெரியுமா? நம் நாட்டின் முன்னாள் சிப்பாய்கள். ஆண்டுதோறும் நவம்பர் 11 இல் கொழும்பில் பொப்பிப் பூ விற்பார்கள். அந்தக் காசில் பெரும்பகுதி பிரித்தானியாவுக்குப் போனது, இலங்கைச் சிப்பாய்களுக்குக் கிடைத்தது கொஞ்சம். 1931 இல் ஏலியன் பெரேரா என்பவர் அதற்குப் போட்டியாக 'சூரிய மல்' விற்கத் தொடங்கினார். 1933 இல் இடதுசாரி இளைஞர்கள் அதைக் கையிலெடுத்து ஏகாதிபத்திய எதிர்ப்பு இயக்கமாக்கினார்கள். தலைமை தாங்கியது டொரீன் யங் என்ற ஆங்கிலப் பெண், அதுவும் ஒரு பாடசாலை அதிபர். (ஆசிரியர்களுக்கு அரசியல் எதற்கு என்று நம்மிடம் கேட்பவர்கள் கவனிக்கவும்.) அந்த இளைஞர்கள் 1934-35 மலேரியாக் காலத்தில் ஊர் ஊராக மருந்து கொண்டு போனார்கள். 1935 டிசம்பரில் லங்கா சமசமாஜக் கட்சி அவர்களிடமிருந்துதான் பிறந்தது.

சூரிய மல் என்றால் சூரியகாந்தி என்று நினைக்க வேண்டாம். நம் கடற்கரை வேலிகளில் நிற்கும் பூவரசு. அந்தப் பூதான்.

ஆக, ஒரே நாளில் ஒரே தெருவில் இரண்டு பூக்கள் விற்கப்பட்டன. சட்டையில் எதைக் குத்துகிறாய் என்பதே நீ யாருடைய ஆள் என்பதைச் சொன்னது.

இனி மறதிக்கு வருவோம், ஏனென்றால் அரசுகள் மறதியையும் பயன்படுத்துகின்றன. 1951 செப்டெம்பரில் சான்பிரான்சிஸ்கோவில் ஜப்பானுடன் சமாதான ஒப்பந்தம் செய்யக் கூடினார்கள். அங்கே இலங்கைப் பிரதிநிதி ஜே.ஆர். ஜயவர்தன, புத்தரின் போதனையைச் சொல்லி, எங்களுக்கு இழப்பீடு வேண்டாம் என்றார். மண்டபம் கைதட்டியது. ஜப்பான் இன்றுவரை அதை நன்றியோடு பேசுகிறது. குண்டு விழுந்தது கொழும்பிலும் நம் திருகோணமலையிலும், மன்னித்தது அரசாங்கம். இங்கே எரிந்தவர்களின் வீட்டாரிடம் யாரும் கேட்கவில்லை. அது நல்ல முடிவாகவே இருக்கட்டும். ஆனால் அதே மனிதர் ஜனாதிபதியாக இருந்தபோது 1983 ஜூலை வந்தது. வெளிநாட்டு மேடையில் பேசிய பகையின்மை சொந்த நாட்டுத் தமிழனின் கடை எரியும்போது எங்கே போனது என்று கேட்காமல் வரலாறு படிப்பிக்க முடியாது.

2009 க்குப் பிறகு நடந்தது நமக்கெல்லாம் தெரியும். மே மாதம் தெற்கில் வெற்றி விழா, காலிமுகத்திடலில் அணிவகுப்பு, வடக்கில் வெற்றித் தூபிகள். கிளிநொச்சியில் கொங்கிறீட் கட்டியைப் பிளந்த ரவையும் மேலே தாமரையும். புதுக்குடியிருப்பில் துப்பாக்கியும் கொடியும் ஏந்திய சிப்பாய். அதே வடக்குக் கிழக்கில் மாவீரர் துயிலும் இல்லங்கள் இடித்துத் தரைமட்டமாக்கப்பட்டன. 2015 இல் ஆட்சி மாறியதும் வெற்றி விழா நினைவு தினமானது. மீண்டும் ஆட்சி மாறியது, 2021 ஜனவரி 8 இரவு யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தில் முள்ளிவாய்க்கால் நினைவுத் தூபியை உடைத்தார்கள். எதிர்ப்பு எழுந்ததும் திரும்பக் கட்ட இணங்கினார்கள். செத்தவர்கள் அதே ஆட்கள்தான். நாற்காலியில் இருப்பவர் மாறும்போது அவர்களை நினைக்கும் விதமும் மாறுகிறது.

இது நம் நாட்டு நோய் மட்டுமல்ல. சோவியத் ஒன்றியத்தில் மே 9 வெற்றி தினம் 1947 இலிருந்து 1965 வரை பொது விடுமுறையாகவே இருக்கவில்லை. பிறகு பிரெஷ்னெவ் காலத்தில் பெருவிழாவாக்கினார்கள். இன்று அதே வெற்றியின் பெயரால் உக்ரைன் போருக்கு நியாயம் சொல்லப்படுகிறது.

விடுதலைப் புலிகளும் இதையே செய்தார்கள். 1989 இலிருந்து நவம்பர் 27 இல் அவர்கள் விளக்கேற்றியது தங்கள் போராளிகளுக்கு மட்டும். அவர்களால் கொல்லப்பட்ட மற்ற இயக்கத்துத் தமிழ்ப் பையன்களுக்கு விளக்கு இல்லை. காத்தான்குடியில் 1990 ஓகஸ்ட் 3 இஷாத் தொழுகையில் சுடப்பட்ட நம் நூற்றுக்கும் மேற்பட்ட ஷுஹதாக்களைப் பற்றிப் பேச்சே இல்லை.

இந்த இடத்தில் பலர் 'லைக்' போடுவீர்கள். கொஞ்சம் பொறுங்கள்.

நாமும் பார்த்துப் பார்த்துத்தான் நினைக்கிறோம். ஓகஸ்ட் 3 இல் மீரா ஜும்ஆப் பள்ளிவாசல் சுவரின் ரவைத் துளைகளைப் பகிர்கிறோம், துஆச் செய்கிறோம். செய்யத்தான் வேண்டும். அதே மாதம் 12 ஆம் திகதி வீரமுனையில் கோயிலில் தஞ்சமடைந்திருந்த தமிழர்கள் கொல்லப்பட்டார்கள். அதில் முஸ்லிம் ஊர்காவல் படையினர் மீதும் குற்றச்சாட்டு இருக்கிறது. நம் குழுமங்களில் அந்தத் திகதியை யாராவது எழுதிப் பார்த்திருக்கிறீர்களா? நம் அரசியல்வாதிகளுக்குக் காத்தான்குடி ஞாபகம் வருவது தேர்தல் மேடையில். அரசாங்கத்துக்கு வடக்கு முஸ்லிம்களின் வெளியேற்றம் ஞாபகம் வருவது ஜெனீவாவில் பதில் சொல்ல வேண்டியிருக்கும்போது. மீள்குடியேற்றம் கேட்டு அலைந்தவர்களுக்கு அந்த ஞாபகத்தால் ஒரு கூரைத் தகடுகூடக் கிடைக்கவில்லை.

மூதூரை எடுங்கள். 2006 ஓகஸ்ட் தொடக்கத்தில் புலிகள் ஊருக்குள் வந்தார்கள், இரு பக்கமும் எறிகணை. அரபுக் கல்லூரியில் தஞ்சமடைந்தவர்கள் மீதும் விழுந்தது. பல்லாயிரம் பேர் பிள்ளைகளைத் தூக்கிக்கொண்டு கந்தளாய்க்கு நடந்தார்கள். இது முஸ்லிம்களின் நினைவு. அதே ஊரில், அதே நாட்களில், ஓகஸ்ட் 4 ஆம் திகதி, பட்டினிக்கு எதிரான பிரெஞ்சு நிறுவனத்தின் பணியாளர்கள் 17 பேர் அவர்களுடைய அலுவலக வளவிலேயே சுட்டுக் கொல்லப்பட்டார்கள். அரச படையினரே செய்ததாக அந்த நிறுவனம் 2013 இல் பகிரங்கமாகக் குற்றஞ்சாட்டியது. அரசாங்கம் மறுத்தது. இன்றுவரை ஒருவரும் தண்டிக்கப்படவில்லை. இது தமிழர்களின் நினைவு.

ஆனால் அந்தப் 17 பேரில் 16 பேர் தமிழர், ஒருவர் முஸ்லிம். அவர் எந்த நினைவில் சேர்த்தி? நம் பள்ளிவாசல் துஆவில் அவர் பெயர் வருவதில்லை, அவரைக் கொன்றது புலிகள் இல்லையே. ஒரே வளவில் விழுந்த 17 ஜனாஸாக்களை நாம் கணக்குப் பார்த்துப் பிரித்திருக்கிறோம்.

இனி அந்த மாணவியின் கேள்வி. 2024 மே மாதம் சம்பூரில் முள்ளிவாய்க்கால் கஞ்சி காய்ச்சிப் பகிர்ந்ததற்காக மூன்று பெண்கள் உட்பட நாலு பேரைக் கைது செய்தார்கள். போரின் கடைசி நாட்களில் உப்பும் அரிசியும் தண்ணீருமாகக் குடித்து உயிர் பிடித்திருந்த ஞாபகத்துக்காக அந்தக் கஞ்சி. பாவித்தது சிவில், அரசியல் உரிமைகள் தொடர்பான சர்வதேச உடன்படிக்கைச் சட்டம். பெயரைப் பாருங்கள், உரிமைகளைக் காக்கும் சட்டம். 2019 மே மாதம் ஹசலக்கவில் கப்பல் சுக்கான் படம் போட்ட உடுப்பு உடுத்த ஒரு முஸ்லிம் தாயை, அது தர்மச் சக்கரம் என்று சொல்லிப் பிடித்தார்களே, அதுவும் இதே சட்டம்தான். அன்று கொதித்த நம்மில் எத்தனை பேர் சம்பூருக்காக ஒரு வரி எழுதினோம்? நோன்பு காலத்தில் நம் பள்ளியில் காய்ச்சும் கஞ்சியை வாளியில் வாங்கிப் போகும் தமிழ் அயலவர்கள் நம் ஊரில் இருக்கிறார்கள்.

மகளே, உனக்கு நாம் சொல்லக்கூடிய பதில் இதுதான். வெள்ளைக்காரன் கல்லறை இன்றைய அரசாங்கத்தை எதுவும் கேட்பதில்லை. அதனால் அதற்குப் புல் வெட்டலாம். சம்பூர்ப் பெண்ணின் பானை கேட்கிறது: என் பிள்ளையைக் கொன்றது யார்?

பிள்ளைகளோடு சேர்ந்து ஒரு கொப்பி தொடங்கியிருக்கிறோம். 2006 இல் மூதூர், தோப்பூர், சம்பூர், ஈச்சிலம்பற்றுப் பக்கங்களில் இழந்தவர்களின் பெயர், வயது, செய்த தொழில் மட்டும். இனம், இயக்கம், யார் சுட்டது என்ற கட்டம் அதில் இல்லை. வீட்டில் சொல்ல விருப்பமுள்ளவர்கள் பிள்ளைகளிடம் எழுதிக் கொடுத்து விடுங்கள். கருத்துப் பெட்டியில் பெயர் போட வேண்டாம், பாதுகாப்பில்லை. 1942 பற்றி வாப்பா, மூத்தவாப்பா சொன்னது ஞாபகமிருந்தால் அதையும் எழுதுங்கள். சிங்கள வீடுகளுக்கும் பிள்ளைகள் போவார்கள், சேருநுவரப் பக்கத்து ஓர் ஆசிரியர் கூட வருவதாகச் சொல்லியிருக்கிறார்.