வாக்குச் சீட்டும் எல்லைக் கோடும்
திருவிதாங்கூர்-கொச்சித் தேர்தல்கள் பற்றிய ஓர் ஆய்வு

ஒரு ராஜ்யத்தின் பொதுத் தேர்தல் முடிவை இரு வகையாகப் படிக்கலாம். எந்தக் கட்சிக்கு எத்தனை ஸ்தானங்கள் என்று கூட்டிப் பார்ப்பது ஒரு வகை. எந்தத் தாலுகாவில் யார் வென்றார் என்று பிரித்துப் பார்ப்பது மற்றொரு வகை. கூட்டிப் பார்த்தால் மந்திரிசபை யாருடையது என்பது விளங்கும். பிரித்துப் பார்த்தால் எந்த மண்ணில் வாழ்ந்த மக்கள் எதனை விரும்பினர் என்பது விளங்கும். திருவிதாங்கூர்-கொச்சி ராஜ்யத்தின் தேர்தல்களை இரண்டாம் வகையாகப் படித்தாலன்றி அவற்றின் பொருள் நமக்குப் புலப்படுவதில்லை.

இரண்டு சமஸ்தானங்களும் 1949 ஜூலை 1 அன்று இணைந்தன. 1956 அக்டோபர் 31 வரையில், ஏழாண்டுகளும் சில திங்களுமே அந்த ராஜ்யம் நிலவியது. திருவனந்தபுரம், கொல்லம், கோட்டயம், திருச்சூர் என்னும் நான்கு ஜில்லாக்கள் அதில் அடங்கியிருந்தன. பெரும்பான்மையோர் மலையாளம் பேசினர். எனினும் திருவனந்தபுரம் ஜில்லாவின் தெற்கே தோவாளை, அகஸ்தீசுவரம், கல்குளம், விளவங்கோடு ஆகிய நான்கு தாலுகாக்களிலும், கொல்லம் ஜில்லாவைச் சேர்ந்த செங்கோட்டைத் தாலுகாவிலும் தமிழரே மிகுதி. கோட்டயம் ஜில்லாவின் மலைத் தாலுகாக்களான தேவிகுளம், பீர்மேடு இரண்டிலும் தேயிலைத் தோட்டங்களில் உழைத்தவர்களுள் பெரும்பாலோர் தமிழர். நஞ்செய் உழுதவரும் பனையேறியவரும் மீன் பிடித்தவரும் தெற்கே தலைமுறை தலைமுறையாக வாழ்ந்தவர்கள். மலையில் இருந்தவர்களோ, கங்காணிகள் வழியாக மதுரை, ராமநாதபுரம், திருநெல்வேலிச் சீமைகளிலிருந்து வேலைக்கு வந்தவர்களும் அவர்தம் மக்களும் ஆவர். இந்த வேற்றுமை பின்னர் பெரிய விளைவைத் தந்தது.

தமிழ் வழங்கும் தாலுகாக்கள் சென்னை ராஜ்யத்தோடு சேர வேண்டும் என்னும் கோரிக்கைக்காக நாகர்கோவிலில் 1945-இல் ஒரு ஸ்தாபனம் தோன்றியது. அடுத்த ஆண்டில் அது திருவிதாங்கூர் தமிழ்நாடு காங்கிரஸ் என்னும் பெயரை ஏற்றது. சாம் நத்தானியேல் தொடக்க காலத் தலைவர்களுள் ஒருவர். பின்னர் வழக்கறிஞர் ஏ. நேசமணி அதன் முதன்மைத் தலைவராகி, மார்ஷல் என்று மக்களால் அழைக்கப்பெற்றார். பெயரில் காங்கிரஸ் என்னும் சொல் இருந்தபோதிலும் அது திருவிதாங்கூர் ராஜ்யக் காங்கிரஸை எதிர்த்தே தேர்தலில் நின்றது.

முதற் சோதனை 1948-இல் வந்தது. வயது வந்தோர் அனைவருக்கும் வாக்குரிமை என்னும் அடிப்படையில் திருவிதாங்கூரில் நடந்த அத்தேர்தலில் 120 ஸ்தானங்களில் ராஜ்யக் காங்கிரஸ் 97-ஐப் பெற்றது. முஸ்லிம் லீகுக்கு 9 கிடைத்தன. எஞ்சிய 14 ஸ்தானங்களும் தமிழ்நாடு காங்கிரஸுக்கே. மொத்தத்தைப் பார்ப்பவர் இதனை ராஜ்யக் காங்கிரஸின் மாபெரும் வெற்றி என்பர். அது மெய்யே. ஆனால் அந்த வெற்றிப் பெருக்கு தமிழ்ப் பகுதியின் வாயிலில் வந்து நின்றுவிட்டது என்பதும் மெய்.

1952-இல் புதிய அரசியல் சட்டத்தின்படி நடந்த முதற் பொதுத் தேர்தலில் நிலைமை மாறியது. 108 ஸ்தானங்களில் காங்கிரஸ் 44-ஐயே பெற்றது. சுயேச்சைகள் 37 பேர் வந்தனர். கம்யூனிஸ்டுக் கட்சி அப்போது அங்கே தடை செய்யப்பட்டிருந்தமையால் அக்கட்சியினர் சுயேச்சைகளாகவே நின்றனர் என்பதை இங்கே நினைவிற்கொள்ள வேண்டும். சோஷலிஸ்டுக் கட்சி 11, தமிழ்நாடு காங்கிரஸ் 8, புரட்சி சோஷலிஸ்டுக் கட்சி 6 என்று ஏனையவை பிரிந்தன. ஏ. ஜே. ஜான் அமைத்த மந்திரிசபை தமிழ்நாடு காங்கிரஸின் கையைப் பற்றிக்கொண்டே நடந்தது. 1953 செப்டம்பரில் அந்தக் கை விலகியது, மந்திரிசபையும் வீழ்ந்தது. எட்டுப் பேர் ஓர் ஆட்சியைத் தாங்கவும் தள்ளவும் வல்லவர்களாயினர்.

அதன் பின் 1954 பிப்ரவரியில் மறுபடியும் தேர்தல். இம்முறை 117 ஸ்தானங்கள். காங்கிரஸ் 45, கம்யூனிஸ்டுக் கட்சி 23, பிரஜா சோஷலிஸ்டுக் கட்சி 19, தமிழ்நாடு காங்கிரஸ் 12, புரட்சி சோஷலிஸ்டுக் கட்சி 9, சுயேச்சைகள் 9. பெரும்பான்மைக்கு 59 பேர் வேண்டும். காங்கிரஸும் தமிழ்நாடு காங்கிரஸும் சேர்ந்தால் 57, இரண்டு குறைவு. இடதுசாரிக் கட்சிகள் மூன்றும் சேர்ந்தால் 51, எட்டுக் குறைவு. தேர்தலில் கம்யூனிஸ்டுகளோடு தொகுதி உடன்பாடு செய்துகொண்டு நின்ற பிரஜா சோஷலிஸ்டுக் கட்சி, முடிவு வந்தபின் காங்கிரஸின் ஆதரவை ஏற்றது. பத்தொன்பது பேருக்குத் தலைவரான பட்டம் தாணுபிள்ளை முதல்மந்திரியானார். இந்த ஏற்பாட்டில் தமிழ்நாடு காங்கிரஸின் பன்னிரண்டு பேர் யாருக்கும் தேவைப்படாதவராயினர்.

ஆனால் தாலுகாவாரியாகப் பாருங்கள். அந்தப் பன்னிரண்டு ஸ்தானங்கள் ராஜ்யம் முழுவதும் சிதறிக் கிடக்கவில்லை. பெரும்பாலும் தெற்கே ஒன்றோடொன்று ஒட்டிக் கிடந்தன. சட்டசபையில் அவை பத்தில் ஒரு பங்கு. தெற்குத் தாலுகாக்களிலோ அவையே மக்களின் தீர்ப்பு. சட்டசபையில் செவிசாய்ப்பார் இல்லாத ஒரு கோரிக்கை, தெருவுக்கு வருவது அரசியலில் புதிதன்று. 1954 ஜூலையில் தேவிகுளம், மூணாறுப் பகுதியில் தடையை மீறி நேசமணியும் தோழர்களும் கைதாயினர். ஆகஸ்டு 11-ஆம் நாள் விடுதலை நாளாகக் கொண்டாடப்பெற்றபோது மார்த்தாண்டத்திலும் புதுக்கடையிலும் போலீஸார் சுட்டனர், உயிர்கள் மாண்டன.

இந்தச் செய்தி தெற்குத் தாலுகாக்களோடு நிற்கவில்லை. பிரஜா சோஷலிஸ்டுக் கட்சியின் பொதுச் செயலாளர் டாக்டர் ராம் மனோகர் லோகியா அப்போது வடநாட்டில் சிறையிலிருந்தார். சுதந்திர நாட்டில் மக்கள்மீது சுடும் ஆட்சி தம் கட்சியினுடையதாயினும் விலக வேண்டும் என்பது அவர் கொள்கை. பட்டம் தாணுபிள்ளை பதவி விலக வேண்டுமென்று அவர் கேட்டார். முதல்மந்திரி இணங்கவில்லை, கட்சியும் லோகியாவின் பக்கம் நிற்கவில்லை. அவர் பொதுச் செயலாளர் பதவியைத் துறந்தார். 1955 பிப்ரவரியில் பட்டம் மந்திரிசபை நம்பிக்கையில்லாத் தீர்மானத்தால் வீழ்ந்தது. அடுத்து வந்த பனம்பிள்ளி கோவிந்தமேனோன் மந்திரிசபைக்குத் தமிழ்நாடு காங்கிரஸின் ஆதரவு மீண்டும் வேண்டியதாயிற்று. அதுவும் 1956 மார்ச்சில் முடிந்து, ஜனாதிபதி ஆட்சி வந்தது.

இதற்கிடையே ராஜ்யப் புனரமைப்புக் கமிஷன் தன் வேலையை முடித்திருந்தது. பசல் அலி, ஹிருதயநாத் குன்ஸ்ரு, கே. எம். பணிக்கர் மூவரும் 1955 செப்டம்பரில் அறிக்கை தந்தனர். தெற்குத் தாலுகாக்கள் நான்கும் செங்கோட்டையும் சென்னையோடு சேரலாம் என்றனர். தேவிகுளமும் பீர்மேடும் கேரளத்தோடு இருக்கட்டும் என்றனர். தேவிகுளத்தில் தமிழரே பெரும்பான்மையர். பீர்மேட்டில் பாதிக்குச் சற்றுக் குறைவு. அப்படியிருந்தும் அவர்களில் பலர் வேலை நிமித்தம் வந்து தங்குவோர் என்பதும், மலை நிலமும் தோட்டங்களும் நீர்வளமும் நெருக்கம் மிகுந்த கேரளத்துக்கு இன்றியமையாதவை என்பதும் மறுபக்கத் தட்டில் வைக்கப்பட்டன. 1895 முதல் மதுரைச் சீமைக்கு நீர் தந்துவரும் பெரியாற்று அணையும் பீர்மேட்டு மலையிலேயே உள்ளது. இரு தரப்பினரும் அம்மலைகளை விட்டுக்கொடுக்க மனமின்றி இருந்ததற்கு மொழி ஒன்றே காரணம் அன்று என்பது இதனால் தெளிவாகும். கேரளத்தின் கவலையையும் நாம் எளிதென்று தள்ளிவிட முடியாது. கடலோரத்தில் நெருங்கி வாழ்ந்த மக்களுக்கு விரிந்து செல்ல இடம் கிழக்கேதான் இருந்தது.

1956 நவம்பர் 1 அன்று நான்கு தாலுகாக்களும் கன்னியாகுமரி ஜில்லாவாகச் சென்னை ராஜ்யத்தில் சேர்ந்தன. செங்கோட்டைத் தாலுகாவின் பெரும்பகுதி திருநெல்வேலி ஜில்லாவோடு இணைந்தது. மலபாரும் காசர்கோடும் சேர்ந்து கேரளம் பிறந்தது. தன் நோக்கம் பெரிதும் நிறைவேறிய தமிழ்நாடு காங்கிரஸ் பின்னர் காங்கிரஸில் கலந்தது.

இங்கே ஒரு வினா எழுகிறது. 1950-ஆம் ஆண்டின் மக்கள் பிரதிநிதித்துவச் சட்டப்படி, அன்று ஒருவர் வாக்காளராக வேண்டுமானால் குறித்த காலத்தில் 180 நாட்களேனும் அத்தொகுதியில் வசித்திருக்க வேண்டும். தோட்டத் தொழிலாளிக்கு அந்தத் தகுதி இருந்தது. பட்டியலில் பெயர் இருந்தது. வாக்குச் சாவடிக்கும் அவர் சென்றார். வாக்களிக்கும்போது அவ்வூரார், எல்லை வகுக்கும்போது வந்து போகிறவர். ஒரே மனிதர் இரு கணக்குகளில் இருவராக நின்றார். உழவனுக்கு நிலம் சாட்சி சொன்னது. தொழிலாளிக்குத் தோட்டத்து லயன் வீடு மட்டுமே இருந்தது. அதுவும் அவருக்குச் சொந்தமன்று.

எனினும் அவருடைய வாக்கு வீணாகவில்லை. 1957-இல் கேரளத்தின் முதற் சட்டசபைத் தேர்தலில் 126 ஸ்தானங்களில் கம்யூனிஸ்டுக் கட்சி 60-ஐப் பெற்று, ஐந்து சுயேச்சைகளின் துணையோடு இ. எம். எஸ். நம்பூதிரிபாடின் தலைமையில் ஆட்சி அமைத்தது. காங்கிரஸுக்கு 43. பெரும்பான்மை மிகச் சிறிது. தேவிகுளத்தில் வென்ற ரோசம்மா புன்னூஸின் தேர்தல் வழக்கில் ரத்தாகி, 1958-இல் இடைத்தேர்தல் வந்தபோது நாடே அந்த மலையை நோக்கியது. மலையடிவாரத்துப் பண்ணைப்புரத்திலிருந்து பாவலர் வரதராசன் சென்று கம்யூனிஸ்டுக் கட்சிக்காகத் தமிழில் பாடினார். ரோசம்மா புன்னூஸ் மீண்டும் வென்றார். எல்லைக் கணக்கில் நிலையற்றவர் எனப்பட்டவர்கள், மூன்றாண்டுகளுக்குள் ஓர் ஆட்சியின் பலத்தைக் காத்துத் தந்தார்கள்.

பிற ராஜ்யங்களில் வாழும் தமிழராகிய நமக்கு இவ்வரலாறு அயலாருடையதன்று. நாம் வாழும் ஊர்களில் எல்லை மாற வேண்டுமென்று யாரும் கேட்கவில்லை; கேட்கவும் வேண்டுவதில்லை. ஆனால் பள்ளியில் தமிழ் வகுப்பு, குடியிருப்புக்குக் குடிநீர், ரேஷன் அட்டை என்று நாம் கேட்கும் ஒவ்வொன்றின் போதும், நீங்கள் இவ்வூரார்தாமா என்னும் பழைய கேள்வி வேறு உருவில் எழத்தான் செய்கிறது. அதற்குத் தேவிகுளத்துத் தொழிலாளர் தந்த விடை எளியது. எந்த ஊரில் உழைத்தார்களோ அந்த ஊரின் வாக்காளர் பட்டியலில் தம் பெயரை நிலைநாட்டினார்கள். தேர்தல் நாளில் வரிசையில் நின்றார்கள்.