ட்ரீம்காஸ்ற் பொறியும் திறந்து நின்ற வாயிலும்

இலத்திரனியல் விளையாட்டுப் பொறிகளின் வரலாற்றை எழுதுவோர், ஒரு பொறியின் ஆயுளை அதனை ஆக்கிய கொம்பனி உற்பத்தியை நிறுத்திய நாளோடு முடித்துக் கூறுதல் வழக்கம். அவ்வழக்கின்படி நோக்கின், யப்பானிய சேகா கொம்பனியின் ட்ரீம்காஸ்ற் என்னும் பொறி 1998 நவம்பர் 27இல் பிறந்து 2001 மார்ச் மாத இறுதியில் மறைந்தது. மூன்றாண்டும் நிரம்பாத வாழ்வு. உலகெங்கும் விற்பனையானவை ஏறக்குறைய 91 இலட்சம் பொறிகளே. ஆயினும் அப்பொறிக்கெனப் புதிய விளையாட்டுக்கள் இற்றைவரை எழுதப்பட்டு வருகின்றன. ஆக்கியோர் கைவிட்ட ஒன்றை வாங்கியோர் கால் நூற்றாண்டு பேணி வந்தமைக்குக் காரணம் யாது? காரணங்கள் பல உளவெனினும் தலையாயது, அப்பொறியின் காவலில் ஆக்கியோரே அறியாது திறந்து விட்ட ஒரு வாயிலாம். அவ்வாயில் வழியே கள்வரும் புகுந்தனர், கைவினைஞரும் புகுந்தனர். இருசாராரையும் ஒருவரென மயங்குதல் அன்றுதொட்டு இன்றுவரை நிகழ்ந்துவரும் பிழையாகும்.

இவ்வரலாறு உண்மையில் ட்ரீம்காஸ்ற்றுக்கு முன்னரே தொடங்குகின்றது. சேகா கொம்பனி தன் முந்திய பொறியாகிய ஜெனசிஸின் பிந்திய வடிவங்களில் எளியதொரு காவலை அமைத்திருந்தது. விளையாட்டுப் பேழையின் குறித்த ஓரிடத்தில் அக்கொம்பனியின் பெயரெழுத்துக்கள் நான்கும் இருந்தாலன்றிப் பொறி இயங்காது. இருப்பின், சேகாவால் அல்லது சேகாவின் அனுமதி பெற்று ஆக்கப்பட்டது என்னும் கருத்துடைய வாசகம் திரையிற் தோன்றும். கலிபோர்ணியாவிலிருந்த அக்கலேட் என்னும் கொம்பனி, அனுமதி எதனையும் வேண்டாது, சேகாவின் பேழைகளிலுள்ள நிரலைப் பிரித்து ஆராய்ந்து இவ்விரகசியத்தைக் கண்டுகொண்டு, தன் விளையாட்டுக்களிலும் அவ்வெழுத்துக்களை அமைத்து விற்றது. சேகா 1991இல் வழக்குத் தொடுத்து, கீழ்மன்றில் தடையுத்தரவும் பெற்றது. ஆனால் 1992 ஒக்ரோபரில் அமெரிக்க ஐக்கிய நாடுகளின் ஒன்பதாம் வட்டார மேன்முறையீட்டு நீதிமன்றம் அத்தீர்ப்பை மாற்றியது. ஒரு பொறியோடு இசைந்து இயங்கும் வழியை அறிதற்கு நிரலைப் பிரித்து நோக்குதலன்றி வேறு வழியில்லையாயின், நேர்மையான நோக்கத்தோடு அங்ஙனம் நோக்குதல் பதிப்புரிமையை மீறுதலாகாது என்பது அத்தீர்ப்பின் சாரம். அனுமதி பெறாத விளையாட்டிலும் அனுமதி பெற்றதென்னும் பொய் வாசகம் தோன்றுதற்குப் பொறுப்பு, அவ்வாறு பொறியை அமைத்த சேகாவையே சாருமென்றும் நீதிமன்றம் கூறியது. தன் பூட்டினாலேயே ஒரு கொம்பனி குற்றஞ் சாட்டப்பட்ட விந்தை இது. இத்தீர்ப்பின் நிழலிலேதான் பிற்கால நிரலாளர் பலரும் வேலை செய்தனர்.

ட்ரீம்காஸ்ற்றை அமைக்குங்கால் சேகா தன் நம்பிக்கையை எழுத்துக்களில் வைக்காது வட்டில் வைத்தது. அக்காலத்தில் வெற்று இறுவட்டுக்களிற் பதிவு செய்யும் கருவி வீட்டுக் கணனிகளில் பெருகத் தொடங்கியிருந்தது. சாதாரண இறுவட்டிற் பதியும் எதனையும் எவரும் படியெடுக்கலாம் என்பதை உணர்ந்த சேகா, யமகா கொம்பனியின் துணையோடு ஜீ.டி.றோம் என்னும் புதிய வட்டினை ஆக்குவித்தது. இதன் உள்வளையம் சாதாரண இறுவட்டின் அடர்த்தியுடையது. அதனைக் கணனியும் வாசிக்கும். வெளிவளையமோ செறிவு மிக்கது. விளையாட்டின் உள்ளடக்கம் முழுவதும் ஆண்டே இருந்தது. இரண்டுஞ் சேர ஒரு ஜிகாபைற்று அளவினைக் கொள்ளும். இருவளையங்களுக்கும் இடையே, முன்னர் வழக்காடிய அதே அனுமதி வாசகம் கண்ணாற் காணத்தக்க எழுத்தாய்ப் பொறிக்கப்பட்டிருந்தமை நகைப்பிற்குரியது. கணனியில் வாசிக்கவும் இயலாது, வெற்று வட்டில் எழுதவும் இயலாது என்னுமிடத்துக் காவல் முற்றுப்பெற்றதெனச் சேகா எண்ணியது பிழையன்று.

பிழை பிறிதோரிடத்தில் நேர்ந்தது. இசைத்தட்டு வெளியிடுவோரைத் தன்பால் ஈர்க்கும் பொருட்டு, மில்-சீ.டீ. என்னும் ஒருவகை வட்டினையும் பொறி ஏற்குமாறு சேகா செய்திருந்தது. பாடல்களோடு படங்களும் சிறு நிரல்களும் அடங்கிய இவ்வட்டு, இசைக்கருவியிலும் ட்ரீம்காஸ்ற்றிலும் இயங்குதல் வேண்டுமாகலின், சாதாரண இறுவட்டாகவே அமைந்தது. இவ்வகையில் யப்பானில் வெளிவந்தவை விரல்விட்டெண்ணத்தக்க சிலவே. கேட்பாரற்ற அச்சில வட்டுக்களுக்காக, பூட்டிய கோட்டையின் பக்கச் சுவரில் ஒரு வாயில் வைக்கப்பட்டது. அதற்கும் சிறியதொரு தாழ் இருந்தது: இவ்வழியே நுழையும் முதன்மை நிரல், துண்டு துண்டாக இடமாற்றிக் குழப்பப்பட்டதாய் இருத்தல் வேண்டும், பொறி அதனைத் தானே ஒழுங்குபடுத்திக்கொண்டு இயக்கும். குழப்பும் முறையை அறியாதார் எழுதிய நிரல் இயங்காது என்பது கருத்து. அம்முறையோ நெடுநாள் மறைந்திருக்கவில்லை. பொறியை ஆராய்ந்த சுவீடன் தேசத்து நிரலாளர் ஒருவர், நிரலைக் குழப்பவும் திருத்தவும் வல்ல சிறு கருவியொன்றை எழுதி, பொறியின் ஏனைய உள்ளமைப்புக்களையும் விளக்கி யாவரும் காண வெளியிட்டார்.

2000ஆம் ஆண்டின் நடுப்பகுதியில் யூட்டோப்பியா என்று தம்மைப் பெயரிட்டுக்கொண்ட ஒரு கூட்டத்தார், தொடக்கு வட்டு ஒன்றினை இணையத்திற் பரப்பினர். அதனை முதலில் இட்டு, பின்னர் படியெடுத்த விளையாட்டு வட்டினை மாற்றி வைத்தால் பொறி மறுப்பின்றி இயங்கியது. ஏனைய பொறிகளிற் களவு விளையாட்டை இயக்குதற்கு, பொறியைக் கழற்றி உள்ளே சிறு சில்லொன்றைப் பற்றவைத்தல் வேண்டியிருந்த காலம் அது. ட்ரீம்காஸ்ற்றுக்கோ ஒரு வெற்று வட்டே போதியதாயிற்று. சில திங்களில் தொடக்கு வட்டும் வேண்டாத, தாமே இயங்கும் படிகள் வந்தன. சேகா பின்னர் ஆக்கிய பொறிகள் பலவற்றில் அவ்வாயிலை அடைத்துவிட்டது. ஆனால் அதற்குள் பெரும்பாலான பொறிகள் வீடுகளை அடைந்துவிட்டன.

இக்களவே ட்ரீம்காஸ்ற்றைக் கொன்றது என்பர் பலர். காலக்கணக்கை நோக்கின் அக்கூற்று நிலைபெறாது. யூட்டோப்பியா வட்டு வெளிவருமுன்னரே, 2000 மார்ச்சில் முடிந்த நிதியாண்டில், சேகா 4,200 கோடி யென்னுக்கு மேற்பட்ட நட்டத்தை அடைந்திருந்தது. அதே மார்ச் மாதத்தில் சொனி கொம்பனியின் பிளேஸ்ரேசன் 2 யப்பானில் வெளியாகி, மக்களின் பணப்பையையும் பொறுமையையும் ஒருங்கே கவர்ந்தது. அமெரிக்காவின் பெரிய விளையாட்டு வெளியீட்டாளராகிய எலெக்ரோனிக் ஆட்ஸ் இப்பொறிக்கு ஒரு விளையாட்டேனும் ஆக்க மறுத்துவிட்டது. 2001 சனவரி 31இல் சேகா உற்பத்தியை நிறுத்தும் முடிவை அறிவித்தது. அதன் தலைவர் இசாவோ ஒக்காவா, அவ்வாண்டு மார்ச் 16இல் இறக்குமுன், ஏறக்குறைய 69 கோடி 50 இலட்சம் டொலர் பெறுமதியுள்ள தம் பங்குகளைக் கொம்பனிக்கே ஈந்து அதனை வீழாது காத்தார். முன்னரே நோயுற்றுக் கிடந்த உடலில் வந்து மொய்த்த ஈக்களைக் கொலைகாரர் என்றல் பொருந்தாது. எனினும் ஈக்கள் குற்றமற்றன என்றும் கொள்ளற்க. விற்பனை தளர்ந்த கடைசி மாதங்களில் சிறு ஆக்குநர்க்குக் கிடைத்திருக்கக்கூடிய வருவாயின் ஒரு பகுதியை அப்படிகள் உண்டன என்பது மறுக்கவொண்ணாதது.

இனி, அதே வாயில் வழியே நுழைந்த மற்றையோரைக் காண்போம். ஒரு கொம்பனியின் அனுமதியும் கருவியும் இன்றி, ஆர்வலர் தாமே தம் வீட்டிலிருந்து எழுதும் நிரல்களை, வீட்டில் வடித்த மது என்னும் பொருள்பட ஆங்கிலத்தில் ஹோம்புறூ என வழங்குவர். பெயர் சற்றே மதிப்புக் குறைந்ததாயினும் செயல் அத்தகையதன்று. சேகாவின் ஆக்குநர் கருவிகள் ஒப்பந்தம் செய்தோர்க்கே உரியன. அவற்றைக் களவாகப் பயன்படுத்தி எழுதும் நிரலும் களவேயாம். ஆகவே நேர்மையை விரும்பிய நிரலாளர் சிலர், சேகாவின் ஓரெழுத்தையும் தொடாது, கலிஸ்ரி ஓ.எஸ். என்னும் அடிப்படை நிரற்றொகுதியைத் தாமே கட்டியெழுப்பி, மூலத்தோடு யாவர்க்கும் வழங்கினர். பொறியின் இதயமாகிய ஹிற்றாச்சி எஸ்.எச்-4 சில்லினை இயக்குவது முதல், படம் வரைதல், ஒலியெழுப்பல், கைப்பிடியை வாசித்தல் வரை யாவும் அதன்கண் அமைந்தன. வட்டின் தலைப்பகுதியில் வைக்க வேண்டிய தொடக்க நிரலையுங்கூட, சேகாவினதை விலக்கிப் புதிதாய் எழுதினர். அக்கலேட் வழக்கில் நீதிமன்றம் வகுத்த எல்லையை இவர்கள் சட்டம் பயின்றாரைப் போன்று நுணுகிப் போற்றினர் எனலாம்.

இதன் பயன் விரைவிற் தோன்றியது. லினக்ஸ், நெற் பீ.எஸ்.டீ. ஆகிய இயக்க முறைகள் 16 மெகாபைற்று நினைவகமே உடைய இச்சிறு பொறியில் இயங்கின. கைப்பிடியிற் செருகும் நினைவுக் கருவியின் 48க்கு 32 புள்ளிகளேயுடைய சின்னஞ்சிறு திரைக்கும் விளையாட்டெழுதியோர் உளர். 2001இல் பிளீம் என்னும் கொம்பனி, சொனியின் பழைய பிளேஸ்ரேசன் விளையாட்டுக்களை ட்ரீம்காஸ்ற்றில் இயக்கும் வட்டுக்களை இதே வாயில் வழியே, சேகாவின் அனுமதியின்றி, கடைகளில் விற்றது. சொனியோடு வழக்காடியே களைத்து அவ்வாண்டிலேயே மூடப்பட்டது. 2003இல் பீற் ஒவ் பியூரி என்னும் விளையாட்டு, கலிஸ்ரி ஓ.எஸ். மீது எழுதப்பட்டு முறையாக அச்சிட்ட வட்டாக விற்பனைக்கு வந்தது. சேகாவின் அனுமதி பெற்ற இறுதி விளையாட்டாகிய கறூஸ் 2007இல் யப்பானில் வெளியான பின்னரும், 2013இல் ஜேர்மனியிலிருந்து ஸ்ரூர்ம்விண்ட் போன்ற பெருமுயற்சிகள் வந்தன. இவற்றுள் ஒன்றேனும் அடைபட்ட பொறியில் இயங்கியிராது.

சொந்த விளையாட்டைத் தானே படியெடுத்து வைத்தல் என்னும் பொருள் இவ்விரண்டினும் சிக்கல் மிக்கது. கணனி வாசிக்காத ஜீ.டி.றோம் வட்டினைப் படியெடுத்தற்குப் பொறியே கருவியாயிற்று. பொறியிற் சிறு நிரலொன்றை இயக்கி, அது வாசிப்பதைக் கம்பிவழியே கணனிக்கு அனுப்புவித்தனர். அத்தொடர் கம்பியின் வேகம் செக்கனுக்கு 115,200 பிற்றுக்களாகலின், ஒரு வட்டு முழுவதையும் பெறுதற்கு ஒருநாட் பொழுது வரை செல்லும். வலைப்பின்னல் இணைப்பியைப் பெற்றோர்க்கு வேலை எளிதாயிற்று. பெற்றதை 700 மெகாபைற்று இறுவட்டில் அடக்குதற்குப் பெரிய விளையாட்டுக்களின் ஒலியைத் தரங் குறைத்தனர். சில காட்சிகளை நீக்கவுஞ் செய்தனர். ஆதலின் அக்காலத்துப் படிகள் பலவும் மூலத்தின் உண்மைப் படிகளல்ல. விளையாடுதற்கு எடுத்த படி வேறு, பேணுதற்கு எடுத்த படி வேறு என்பதைப் பிற்காலத்தார் உணர்ந்து, ஒரு பிற்றும் குறையாது இருவளையங்களையும் பதிந்து, பலர் எடுத்த படிகளை ஒன்றோடொன்று ஒப்புநோக்கிச் சரிபார்க்கலாயினர். ஏடுகளை ஒப்புநோக்கிப் பாடங் காண்போர் செய்யும் பணியினின்று இது பெரிதும் வேறுபட்டதன்று.

இப்பணியின் அருமைக்குப் புறொப்பெல்லர் அறீனா என்னும் விளையாட்டு சான்றாகும். வானளாவிய கட்டடங்களிடையே விமானங்கள் பொரும் இவ்விளையாட்டு 2001 செப்ரெம்பரில் வெளிவரவிருந்தது. அம்மாதம் 11ஆம் நாள் நியூயோக்கில் நிகழ்ந்த பேரழிவின் பின் சேகா அதனை வெளியிடாது நிறுத்தியது. முற்றுப்பெற்ற அவ்வாக்கம் இன்று அறியப்படுவது வெளியே கசிந்த ஒரு படியினாலேயே. அது கசிந்த வழி முறையன்று. கசிந்திராவிடின் ஆக்கியோர் உழைப்பு முழுவதும் இருளில் மறைந்திருக்கும். இவ்விரண்டும் ஒருங்கே உண்மை.

பொறிகளும் முதுமை எய்துகின்றன. வட்டினை வாசிக்கும் ஒளிக்கண் தேய்கின்றது, மாற்றுறுப்பு ஆக்குவாரில்லை. 2010களின் நடுப்பகுதியில் வந்த ஜீ.டி.எமு என்னும் சிறுபலகை, வட்டுவாசிப்பானை அகற்றிவிட்டு அவ்விடத்தில் நினைவட்டையைப் பொருத்த உதவியது. தரங் குறைக்காத முழுப் படிகள் மூலவட்டைப் போலவே இயங்கின. தம் அலுமாரியிலுள்ள வட்டுக்களைத் தாமே படியெடுத்து அட்டையில் ஏற்றி, மூலவட்டினைச் சிதையாது உறையில் வைத்தோர் பலர். அதே அட்டையில், காசு கொடாது பெற்ற நூற்றுக்கணக்கான விளையாட்டுக்களை நிரப்பினோர் அவர்களினும் பலர்.

சட்டம் இவ்விருவரையும் தெளிவுறப் பிரித்ததில்லை. அமெரிக்கப் பதிப்புரிமைச் சட்டத்தின் 117ஆம் பிரிவு, கணனி நிரலொன்றின் படியை உடைமையாகக் கொண்டவர் காப்புப்படி எடுத்துக்கொள்ள 1980 முதல் இடமளிக்கின்றது. 1998இல் வந்த பிறிதொரு சட்டமோ காவலை உடைத்தலைத் தடுத்தது. ஒரு கை தந்ததை மறு கை பறித்ததாயிற்று. 2015இல் நூலகங்களுக்கும் தொல்பொருட் காப்பகங்களுக்கும் விளையாட்டுப் பேணுதற்கெனச் சில விலக்குகள் வழங்கப்பட்டன. ஆயின் ஆராய்வோர் தம்மிடத்திலிருந்தே அவற்றைக் காண விடுமாறு கேட்ட வேண்டுகோள் 2024இல் மறுக்கப்பட்டது. 2010க்கு முன் அமெரிக்காவில் வெளியான பழைய விளையாட்டுக்களுள் 100க்கு 87 பங்கு இன்று கடையிற் கிடையா என 2023இல் வெளியான ஆய்வொன்று கண்டது. விற்பவரும் இல்லை, படியெடுக்க உரிமையும் இல்லை எனின், அவ்வாக்கங்களின் கதி யாதாகும் என்பதைச் சட்டம் இயற்றியோர் எண்ணியதாகத் தெரியவில்லை.

முதலில் ட்ரீம்காஸ்ற்றுக்கெனத் தொடங்கப்பட்டு, பொறி வீழ்ந்தமையால் பிளேஸ்ரேசன் 2இற்கு மாற்றப்பட்டு 2001இல் வெளிவந்த கிரான்ட் தெப்ற் ஓட்டோ III என்னும் புகழ்பெற்ற விளையாட்டை, ஆர்வலர் குழுவொன்று 2024 திசெம்பரில் ட்ரீம்காஸ்ற்றில் இயங்கச் செய்தது. அது கலிஸ்ரி ஓ.எஸ். மீது நிற்பது, மில்-சீ.டீ. வாயில் வழியே நுழைய வல்லது. ஆனால் அக்குழுவினர் விளையாட்டின் படங்களையோ ஒலிகளையோ எவர்க்கும் வழங்கவில்லை. அவற்றை ஒவ்வொருவரும் தாம் விலைகொடுத்து வாங்கிய கணனிப் பதிப்பினின்று தாமே எடுத்துச் சேர்த்து, தம் கையாலேயே வட்டில் எழுதிக்கொள்ளல் வேண்டும்.