நண்பகல் உரையாடல் நிகழ்ச்சியும் அமெரிக்கத் தேர்தல் அரசியலும்: றோஜர் எயில்ஸ் பற்றிய ஒரு நோக்கு

அரசியல் வரலாறு எழுதுவோர் மேடையில் நின்று பேசியவர்களையே பெரிதும் கவனத்திற் கொள்வர். மேடையை அமைத்தவர், விளக்கைத் திருப்பியவர், பேசுபவர் எப்பக்கம் முகங்காட்ட வேண்டும் என்பதைத் தீர்மானித்தவர் ஆகியோர் ஏட்டிற் புகுவது அரிது. ஐக்கிய அமெரிக்காவின் இருபதாம் நூற்றாண்டுப் பிற்பகுதியைப் பொறுத்தவரை இவ்வழக்கம் பெரியதொரு குறைபாடாக முடிகின்றது. அந்நாட்டின் சனாதிபதித் தேர்தல்கள் 1968 இன் பின்னர் எய்திய உருவத்தை விளங்கிக்கொள்ள விரும்புவோர் காங்கிரஸ் அவையின் அறிக்கைகளைப் படிப்பதோடு நில்லாது, கிளீவ்லன்ட் நகரத்துத் தொலைக்காட்சி நிலையமொன்றின் கலையகத்தினுள்ளும் எட்டிப்பார்த்தல் வேண்டும். இல்லத்தரசிகளுக்காகப் பகலில் ஒளிபரப்பப்பட்ட உரையாடல் நிகழ்ச்சியொன்று அங்கு உருவாயிற்று. அதில் எடுபிடி உதவியாளராகச் சேர்ந்த இளைஞரே றோஜர் எயில்ஸ்.

ஒஹாயோ மாநிலத்தின் வொறன் என்னும் தொழிற்சாலை நகரில் 1940 இல் எயில்ஸ் பிறந்தார். தந்தையார் பக்கார்ட் மின்சாதனத் தொழிற்சாலையில் மேற்பார்வையாளராக இருந்தவர். மகனுக்கோ சிறு வயதிலிருந்தே குருதி உறையா நோய் இருந்தது. ஒஹாயோ பல்கலைக்கழகத்தில் மாணவர் வானொலியிற் பயின்று 1962 இல் வெளியேறியவர், அதே ஆண்டில் வெஸ்றிங்ஹவுஸ் கம்பனிக்குரிய கிளீவ்லன்ட் நிலையத்தில் வேலைக்கமர்ந்தார். மைக் டக்ளஸ் என்னும் பாடகரை நடத்துநராகக் கொண்ட தொண்ணூறு நிமிட நிகழ்ச்சி 1961 டிசெம்பரில் அங்கு ஆரம்பமாகியிருந்தது. அதனை உருவாக்கிய வூடி பிறேசர் என்னும் தயாரிப்பாளரே டக்ளஸை அழைத்துவந்தவரும் ஆவார்.

இந்நிகழ்ச்சியின் பொருளாதாரத்தைச் சிறிது நோக்குதல் அவசியம். மாலை நேரத்திற் பெரும் வலையமைப்புகள் பெரும் பணஞ் செலவிட்டு நாடகங்களையும் களியாட்டங்களையும் வழங்கின. பகல் வேளையோ விலை குறைந்தது. சவர்க்காரமும் சமையற் பொருள்களும் விற்போரே அதன் விளம்பரதாரர். வீட்டு வேலைகளுக்கிடையே பார்க்கும் பெண்களே அதன் பார்வையாளர். சில நாற்காலிகள், ஒரு சிறு வாத்தியக்குழு, தம் படத்தையோ நூலையோ விளம்பரஞ் செய்யவந்த விருந்தினர் ஆகியவற்றைக் கொண்டு ஒன்றரை மணி நேரத்தை நிரப்பிவிடலாம் என்பதை வெஸ்றிங்ஹவுஸ் கண்டுகொண்டது. 1963 முதல் நிகழ்ச்சி ஒளிப்பதிவு நாடாவிற் பதியப்பட்டுப் பிற நகரங்களின் நிலையங்களுக்கும் விற்கப்பட்டது. செய்மதி வருமுன்னரான அக்காலத்தில், நாடாக்கள் ஒரு நிலையத்திலிருந்து மற்றொன்றுக்குப் பொதியாகவே பயணஞ் செய்தன. 1965 இல் வெஸ்றிங்ஹவுஸ் கிளீவ்லன்டை விட்டுப் பிலடெல்பியாவுக்கு மாறவேண்டியதாயிற்று. நிகழ்ச்சியும் உடன் சென்றது. அதே ஆண்டில் எயில்ஸ் தயாரிப்பாளரானார். 1967 இல் நிறைவேற்றுத் தயாரிப்பாளராக உயர்ந்தபோது அவருக்கு வயது இருபத்தேழு. அப்பொழுது நிகழ்ச்சி நூற்றுக்கு மேற்பட்ட நகரங்களிற் காண்பிக்கப்பட்டுக்கொண்டிருந்தது.

பகல்நேர உரையாடல் நிகழ்ச்சியின் தயாரிப்பாளருக்கு உரிய தொழில் யாது? பார்ப்பவருக்கு அது இரு மனிதர் தற்செயலாகப் பேசிக்கொண்டிருப்பதாகத் தோன்றல் வேண்டும். உண்மையில் அங்கு தற்செயலானவை மிகச் சில. விருந்தினர் வருமுன்னரே அவரிடம் விசாரித்து எக்கதையைக் கூறுவார் என்பது அறியப்படும்; அக்கதையை வெளிக்கொணரும் கேள்வி நடத்துநருக்கு எழுதிக் கொடுக்கப்படும்; பாடகர் முன்னரா சமையற்காரர் முன்னரா என்பதும், விளம்பர இடைவேளை எச்சொல்லின் பின் வரவேண்டும் என்பதும் கணிக்கப்படும். அடுப்பிற் பால் பொங்குவதைப் பார்க்கச் சென்ற பெண் திரும்பிவந்து அதே நாற்காலியில் அமருவாளா என்பதே தயாரிப்பாளரின் இடையறாத அச்சமாகும். எனவே இந்நிகழ்ச்சியிற் கேட்கப்படும் கேள்வி அறியாததை அறிவதற்காகக் கேட்கப்படுவதன்று. தெரிந்த விடையை இனிமையாக வெளிப்படுத்துவதற்காகக் கேட்கப்படுவது. பாடகர்களையும் நடிகர்களையும் பொறுத்தவரை இதனால் எவருக்கும் கேடில்லை. இதனை ஒரு குறையாகச் சுட்டுவதுகூடப் பொருந்தாது.

ஆனால் 1968 ஆம் ஆண்டுத் தேர்தலுக்கான ஆயத்தங்கள் நடைபெற்ற வேளையில் இந்நிகழ்ச்சிக்கு விருந்தினராக றிச்சர்ட் நிக்சன் வந்தார். 1960 செப்ரெம்பர் 26 இல் சிக்காகோவில் நடைபெற்ற தொலைக்காட்சி விவாதத்திற் கென்னடியின் அருகே வெளிறிய முகத்துடன் தோன்றியவர் அவர். அத்தேர்தலிலும், 1962 இற் கலிபோர்னியா ஆளுநர் தேர்தலிலும் தோல்வியுற்றவர். அன்று பாம்புடன் ஆடும் நடனக்காரி ஒருத்தியும் விருந்தினராய் வந்திருந்தமையால், இருவரையும் ஒருங்கே காத்திருக்க வைக்காது நிக்சனைத் தம் அறையில் அமர்த்தியதாக எயில்ஸ் பிற்காலத்திற் கூறுவதுண்டு. ஒரு மனிதன் தேர்தலில் வெல்ல இத்தகைய வித்தைகளை நாடவேண்டியிருப்பது வெட்கத்துக்குரியது என நிக்சன் குறைப்பட்டார். தொலைக்காட்சி வித்தையன்று, அவ்வாறு எண்ணும்வரை நீர் மீண்டும் தோற்பீர் என்னும் பொருள்பட இளைஞர் விடையிறுத்தார். கதை சொல்பவருக்குச் சாதகமாகவே அமைந்துள்ளது என்பது உண்மையே. ஆயினும், அதன் விளைவு ஐயத்துக்கிடமற்றது. சிறிது காலத்தில் எயில்ஸ் நிக்சனின் தேர்தற் குழுவிற் சேர்ந்தார்.

அக்குழு அவரிடம் ஒப்படைத்த பணி, நிக்சனை மையமாகக் கொண்ட மணிநேர நிகழ்ச்சிகளைப் பிராந்தியந்தோறும் தயாரிப்பதாகும். இவற்றின் உட்செய்திகளை, குழுவினருடன் உடனிருந்து அவதானித்த ஜோ மக்கினிஸ் என்னும் பத்திரிகையாளர் 1969 இல் நூலாக வெளியிட்டார். அந்நூல் இன்றேல் இவ்வரலாற்றின் பெரும்பகுதி மறைந்தே போயிருக்கும். நிக்சன் பேச்சுமேசை எதுவுமின்றித் தனியே நடுவில் நிற்பார். அவரைச் சூழப் பொதுமக்கள் சிலரைக் கொண்ட குழு அமர்ந்து வினாக்களைத் தொடுக்கும். படிவரிசையாய் உயர்ந்த ஆசனங்களிற் சுமார் முந்நூறு பேர் இருப்பர். அவர்கள் குடியரசுக் கட்சியின் உள்ளூர்க் கழகங்களால் அழைத்துவரப்பட்டவர்கள். செய்தியாளருக்குக் கலையகத்தினுள் அனுமதியில்லை. வேறோர் அறையிற் பெட்டியிற் பார்த்துக்கொள்ளலாம். நடத்துநராக இருந்தவர் பட் வில்கின்சன் என்னும் புகழ்பெற்ற உதைபந்தாட்டப் பயிற்றுநர்.

சிக்காகோவில் முதல் நிகழ்ச்சிக்கு எயில்ஸ் வந்து பார்த்தபோது பின்புலத்தில் நீலப்பச்சைத் திரைச்சீலைகள் தொங்கின. அவை ஆண்மைக்கு ஒவ்வாதன என்று கழற்றுவித்து மரப்பலகைத் தட்டிகளை நிறுத்தினார். வினாத்தொடுக்கும் குழுவிற் கறுப்பினத்தவர் ஒருவர் இருத்தல் வேண்டும், இருவர் கூடாது என்பது குழுவினரின் கணக்கு என மக்கினிஸ் பதிவுசெய்கின்றார். பிலடெல்பியா நிகழ்ச்சிக்குத் தெரிவுசெய்யப்பட்ட உளமருத்துவர் ஒருவர், நிக்சனுக்கு அத்தொழிலார்மீது வெறுப்பு என்பதாற் கடைசி வேளையில் நீக்கப்பட்டார். விவசாயி, வியாபாரி, இல்லத்தரசி எனச் சமூகம் முழுவதும் அக்குழுவில் அமர்ந்திருப்பதாகத் தோற்றமளிக்கவேண்டும் என்பதில் தயாரிப்பாளர் எடுத்துக்கொண்ட அக்கறை வியக்கத்தக்கது. பாடகரையும் சமையற்காரரையும் அடுத்தடுத்து அமர்த்தப் பழகிய கைகளுக்கு இது புதிய வேலையன்று.

பிலடெல்பியாக் குழுவில் வானொலி உரையாடல் நிகழ்ச்சி நடத்துபவர் ஒருவரும் இடம்பெற்றார். ஏனையோரின் மென்மையான வினாக்களுக்கு மாறாக, வியட்நாம் பற்றி வாய்திறக்க மறுப்பதேன் என்று அவர் நிக்சனை வினவினார். மறுமுறை வாய்ப்புக் கிடைத்தபோது, தொழில்முறைப் பத்திரிகையாளரைத் தவிர்த்து இத்தகைய நிகழ்ச்சிகளில் மட்டும் தோன்றுவது ஏன் என்றும் கேட்டார். ஞாயிறு காலை வினாவிடை நிகழ்ச்சிகளில் வேண்டியமட்டும் தோன்றியாயிற்று என நிக்சன் சமாளித்தார், கூட்டம் கைதட்டியது. இவ்விடத்தில் ஒன்றை ஊன்றி நோக்குதல் தகும். சாதாரண மனிதன் வேட்பாளரை நேருக்கு நேர் கேள்வி கேட்பதைவிட சனநாயகத்துக்கு உகந்த காட்சி வேறில்லை எனத் தோன்றும். ஆனால் ஒரு கேள்வியைக் கேட்டு அமர்ந்துவிடும் அம்மனிதனுக்கு, பெற்ற விடையைத் தொடர்ந்து துருவும் வாய்ப்பும் பயிற்சியும் இல்லை. பத்திரிகையாளனுக்கு அவை உண்டு. மக்களைக் கலையகத்தினுட் கொணர்ந்ததன் பயன் பத்திரிகையாளனை வெளியே நிறுத்தியதேயாகும். தேர்தலுக்கு முந்திய இரவிலும் லொஸ் ஏஞ்சலிஸ் நகரிலிருந்து நேயர்களின் தொலைபேசி வினாக்களுக்கு நிக்சன் விடையளிக்கும் நிகழ்ச்சி ஒளிபரப்பாயிற்று. மறுநாள் அவர் ஒரு விழுக்காட்டிற்கும் குறைந்த வாக்கு வித்தியாசத்தில் வென்றார். இவ்வெற்றியைத் தொலைக்காட்சியே தந்தது எனக் கூறுவது மிகை. வியட்நாம் போரும் எதிர்க்கட்சியின் பிளவும் அதற்குப் போதிய காரணங்களாயிருந்தன. ஆயினும், பின்வந்த வேட்பாளர்கள் பலரும் அம்முறையைக் கைக்கொண்டனர் என்பதே வரலாற்று முக்கியத்துவமுடையது.

பார்வையாளரைப் பேசவைக்கும் முறை இயல்பிலேயே போலியானதா என ஒருவர் வினவலாம். அன்று என்பதற்கு அதே ஒஹாயோ மாநிலமே சான்று. 1967 நவெம்பர் 6 இல் டேற்றன் நகரிற் பில் டொனஹியூ என்பவர் தம் பகல்நேர நிகழ்ச்சியைத் தொடக்கினார். முதல் விருந்தினர் மடலின் மறே ஓஹெயர் என்னும் நாத்திகப் பெண்மணி. விளம்பர இடைவேளைகளிற் கலையகத்திலிருந்த பெண்கள் தம்மைவிடச் சிறந்த வினாக்களைக் கேட்பதை அவதானித்த டொனஹியூ, ஒலிவாங்கியைத் தூக்கிக்கொண்டு அவர்களிடையே ஓடலானார். அங்கும் ஒரு தயாரிப்பாளர் இருந்தார், ஒழுங்கும் இருந்தது. ஆனால் கேள்வி எங்கு செல்லும் என்பது எவருக்கும் தெரிந்திருக்கவில்லை. ஒரே மாநிலத்தில், ஒரே வகை நிகழ்ச்சியில், ஏறத்தாழ ஒரே காலத்தில் இவ்விரு போக்குகளும் தோன்றியமை நோக்கற்பாலது. இவற்றுள் அதிகாரபீடத்திற்கு எது வாய்ப்பாயிருந்தது என்பதை விளக்கவேண்டியதில்லை.

எயில்ஸின் பிற்கால வரலாற்றைச் சுருங்கக் கூறலாம். 1969 இல் நியூயோர்க்கிற் சொந்தக் கம்பனி தொடங்கினார், நாடகங்களையும் தயாரித்தார். குடியரசுக் கட்சிக்குச் சார்பான செய்தித் துணுக்குகளை ஒளிப்பதிவு செய்து உள்ளூர் நிலையங்களுக்கு நேரே அனுப்பும் திட்டமொன்று 1970 இல் வெள்ளை மாளிகையில் ஆராயப்பட்டது. அவர் கைப்பட எழுதிய குறிப்புகளுடன் அவ்வாவணம் நிக்சன் நூலகத்திற் பேணப்பட்டுள்ளது. 1984 இல் றேகனை இரண்டாம் விவாதத்திற்கு ஆயத்தஞ் செய்தவர்களுள் அவரும் ஒருவர். 1988 இல் மூத்த புஷ்ஷின் தேர்தலை நெறிப்படுத்தியவர்களுள் முதன்மையானவர். 1990களின் தொடக்கத்திற் கட்சிப் பணியை விடுத்து மீண்டும் தொலைக்காட்சிக்குத் திரும்பினார். றஷ் லிம்போவின் நிகழ்ச்சியைத் தயாரித்தார். 1994 இல் நாள் முழுவதும் உரையாடலையே வழங்கிய அலைவரிசையொன்றை நிறுவினார். அது ஈராண்டே நிலைத்தது. 1996 ஒக்டோபர் 7 இல் றூபேட் மேர்டொக்கின் முதலீட்டில் பொக்ஸ் நியூஸ் அவரது தலைமையில் ஆரம்பமாயிற்று. செய்தியாளரை நாடெங்கும் அனுப்புவது செலவு மிக்கது. மேசையைச் சுற்றி நால்வரைப் பேசவைப்பது மலிவானது. 1961 இல் வெஸ்றிங்ஹவுஸ் கண்ட கணக்கு முப்பத்தைந்து ஆண்டுகளின் பின்னரும் பொய்க்கவில்லை. வேறுபாடு யாதெனின், மைக் டக்ளஸின் மேசையிற் பகைமைக்கு இடமிருக்கவில்லை; புதிய மேசையிற் பகைமையே பார்வையாளரைப் பிணித்து வைத்தது.

அவரது வீழ்ச்சியும் பகல்நேரத்தோடு தொடர்புற்றே வந்தது. அவ்வலைவரிசையிற் பல்லாண்டுகள் காலை உரையாடல் நிகழ்ச்சியிலும் பின்னர் பிற்பகல் நிகழ்ச்சியிலும் தோன்றியவர் கிறெச்சன் கார்ல்சன். ஒப்பந்தம் புதுப்பிக்கப்படாது விலக்கப்பட்ட அவர், 2016 ஜூலை 6 இல் எயில்ஸ்மீது பாலியற் தொல்லை வழக்குத் தொடுத்தார். எயில்ஸ் குற்றச்சாட்டை மறுத்தார். வேறு பல பெண்களும் முன்வந்து தத்தம் அனுபவங்களைக் கூறினர். ஜூலை 21 இல் அவர் பதவி விலகினார். கார்ல்சனுக்கு இரண்டு கோடி டொலர் வழங்கி வழக்குத் தீர்க்கப்பட்டதாகச் செய்திகள் கூறின. பெண் பார்வையாளரை நம்பி வளர்ந்ததொரு தொழிலில், திரையிற் தோன்றும் பெண்களின் வேலையும் வேதனமும் திரைக்குப் பின்னாலுள்ள ஒரு மனிதரின் விருப்பத்தில் எவ்வளவு தங்கியிருந்தன என்பதை அவ்விரு வாரங்களும் வெளிப்படுத்தின. எயில்ஸ் 2017 மே 18 இற் புளோரிடாவிற் காலமானார். அவருடைய அறையில் நடைபெற்ற உரையாடல்களைக் கார்ல்சன் ஓராண்டுக்கு மேலாகத் தம் கைத்தொலைபேசியில் இரகசியமாகப் பதிவுசெய்திருந்தார் என்னும் செய்தி 2016 செப்ரெம்பரிலேயே வெளிவந்திருந்தது.