மரூன்

‘மரூன்’ என்றதும் நமக்குப் பட்டுப்புடவையின் அரக்கு நிறந்தான் நினைவுக்கு வரும். ஜமைக்கா வரலாற்றில் வரும் மரூன்களுக்கும் அந்த நிறத்துக்கும் ஒட்டுமில்லை, உறவுமில்லை. அவர்கள் பெயருக்கு மூலம் ‘சிமரோன்’ என்ற ஸ்பானியச் சொல். இஸ்பனியோலா தீவில் பட்டியை விட்டு மலைக்கு ஓடிய மாடுகளை 16ஆம் நூற்றாண்டில் அப்படி அழைத்தார்கள். பிறகு, தப்பிய பூர்வகுடிகளுக்கும் ஆப்பிரிக்க அடிமைகளுக்கும் அதே பெயரைச் சூட்டினார்கள். மனிதரையும் மாட்டையும் ஒரே கணக்கில் எழுதிய மனம் அதில் தெரிகிறது. பெயரைச் சுமந்தவர்களோ அதன் பொருளையே மாற்றிவிட்டார்கள். ஜமைக்கா மலைகளில் ஊர் அமைத்துப் போரிட்டு, 1739இல் ஆங்கிலேயரை உடன்படிக்கைக்கு இறங்கிவர வைத்தார்கள். இனித் தப்பிவருவோரைத் திருப்பி ஒப்படைக்க வேண்டும் என்ற கசப்பான நிபந்தனையும் அதில் இருந்தது. கிழக்கு மலைகளில் தலைமை தாங்கிய நானி இன்று அந்நாட்டின் தேசிய வீராங்கனை. சூரிநாமின் சராமக்கா மக்களும் 1762இல் டச்சுக்காரரைத் தங்கள் விடுதலையை ஏற்கச் செய்தார்கள். புளோரிடாவின் ‘செமினோல்’ என்ற குடிப்பெயர் சிமரோனின் கிளைதான். ஆளற்ற தீவில் ஒருவரைக் கைவிட்டுச் செல்வதைச் சொல்லும் ஆங்கில வினையும் இந்த வேரில் முளைத்ததே. தமிழில் இவர்களை ‘ஓடிப்போன அடிமைகள்’ என்று எழுதுகிறோம். எனக்கு அதில் உடன்பாடில்லை. அது தேடிப்பிடிக்க விளம்பரம் கொடுத்த எசமானின் பார்வை. பொதுப்பெயராக ‘தன்விடுதலைக் குடிகள்’ என்பதையே நான் விரும்புகிறேன். இனப்பெயராக வரும் இடத்தில் மரூன் என்றே எழுதுவோம். அவர்களின் வழித்தோன்றல்கள் இன்றும் பெருமையோடு சொல்லிக்கொள்ளும் பெயர் அது.