எழுதாத வசனத்துக்கு உரியவர்: குறைந்த செலவுக் குறும்படத்தில் இம்ப்ரோவ் நகைச்சுவை நடிகர்

1. ஆய்வுப் பொருள்

கையில் வசனத்தாள் இல்லாமல், நடிக்கும்போதே பேச்சையும் செயலையும் கண்டெடுக்கும் இம்ப்ரோவ் நகைச்சுவை அமெரிக்க மேடையில் வளர்ந்த கலை. வயோலா ஸ்போலின் வகுத்த நாடக விளையாட்டுகளே அதற்கு இலக்கணம். அவருடைய மகன் பால் சில்ஸும் நண்பர்களும் 1959இல் சிகாகோவில் தொடங்கிய செகண்ட் சிட்டி என்ற நகைச்சுவை அரங்கு அதை முழுநேரத் தொழிலாக்கியது. இக்கலை காசில்லாத குறும்படத்துக்குள் வரும்போது நடிகரின் பொறுப்பு எப்படி மாறுகிறது? இதற்கு ஜே, மார்க் டுப்ளாஸ் சகோதரர்களின் ‘திஸ் இஸ் ஜான்’ குறும்படத்தைச் சான்றாகக் கொள்கிறேன்.

2. சான்று

எடுத்த முழுநீளப் படம் கைகூடாமல் சகோதரர்கள் சோர்ந்திருந்த காலம் அது. பெற்றோரின் வீடியோ கேமராவை எடுத்தார்கள். ஒளிநாடாவுக்கு 3 டாலர் செலவானது. ஜே கேமராவைப் பிடிக்க, மார்க் நடித்தார். ஆன்சரிங் மெஷினில் தன் குரலைப் பதிய முயல்கிறான் ஜான். சரியாக வரவில்லை. அழித்துவிட்டு மறுபடி பேசுகிறான், கடைசியில் மனம் உடைகிறான். கதை இவ்வளவுதான். ஏறக்குறைய 20 நிமிடம் ஓடிய ஒரே டேக், தொகுப்புக்குப் பின் ஏழெட்டு நிமிடமாகச் சுருங்கி, 2003 சன்டான்ஸ் திரைப்பட விழாவில் திரையிடப்பட்டது.

3. சிரிப்பொலி இல்லாத களம்

மேடையில் நடிகருக்கு வழிகாட்டுவது அரங்கின் சிரிப்பு. எது எடுபடுகிறது, எதை நீட்டலாம், எங்கே நிறுத்தலாம் என்பதை அது அந்தக் கணமே சொல்லிவிடும். படப்பிடிப்பில் யாராவது சிரித்தால் ஒலிப்பதிவு கெடும். எல்லாரும் வாயை மூடிக்கொண்டிருப்பார்கள். அந்த மௌனத்தில் பதறி வேடிக்கை காட்டத் தொடங்கும் நடிகரால் படம் கெடுகிறது. மார்க் அப்படிச் செய்யவில்லை. ஜானுக்கு வேண்டியதெல்லாம் நாலு வார்த்தையை ஒழுங்காகச் சொல்லி முடிப்பது. அந்த ஆசையை அவர் ஒரு நொடியும் விடவில்லை. நாம் சிரிப்பதும் பிறகு சங்கடப்படுவதும் அதனால்தான்.

இங்கே பணமின்மையும் ஒரு வகையில் துணை நின்றது. பிலிமாக இருந்தால் ஓடும் ஒவ்வொரு அடிக்கும் காசு. 20 நிமிடம் நடிகரைத் தேட விட முடியாது. மலிவான நாடா அந்தப் பொறுமையைத் தந்தது. நடிகர் எந்தப் பக்கம் திரும்புவார் என்று தெரியாததால் கேமரா கையிலேயே இருந்தாக வேண்டும். ஒளியமைப்புக்கும் பெரிய திட்டம் போட முடியாது. தொகுப்பாளருக்குத்தான் சிரமம். எழுதாத பேச்சு இரண்டு டேக்குகளில் ஒரே மாதிரி வராது, கையசைவும் பொருந்தாது. ஆகவே நீண்ட ஒற்றை டேக் இவ்வகைப் படத்துக்கு ஏறக்குறைய கட்டாயமாகிறது.

4. உரிமை

இயக்குநர் தருவது சூழல்; வாக்கியங்களைத் தருபவர் நடிகர். அவரை நடிகர் பட்டியலில் மட்டும் சேர்ப்பது அநீதி என்பது என் முடிவு. ‘வசனம்’ என்ற இடத்திலும் அவர் பெயர் வர வேண்டும். குறும்படம் எடுப்பவர்கள் கேமராவைத் திறக்கும் முன்பே இதைப் பேசி எழுத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.