திரும்பிப் பார்க்கும் டெலிவிஷன்

பழைய படமொன்றை டெலிவிஷன் 'திரும்பிப் பார்க்கிறது' என்றால் பெரும்பாலும் பாட்டைத்தான் பார்க்கிறது. இதற்கொரு சரித்திரம் இருக்கிறது. 1975 ஆகஸ்ட் 15ல் சென்னையில் தூர்தர்ஷன் தொடங்கியது. வெள்ளிக்கிழமை 'ஒளியும் ஒலியும்', சினிமாவைத் துண்டுதுண்டாகப் பார்க்க நம்மைப் பழக்கிற்று. 1993ல் வந்த சன் டி.வி.யும் பிற தனியார் சேனல்களும் பாட்டோடு வசூலையும் நட்சத்திரப் பெருமையையும் சேர்த்துக்கொண்டன. விமர்சனத்தின் இடத்தில் ஞாபகார்த்தம் உட்கார்ந்துகொண்டது.

'படகோட்டி'யை எடுத்துக்கொள்வோம். 1964 தீபாவளிக்கு வந்த படம், இயக்கம் டி. பிரகாஷ்ராவ். வாலியின் பாடல்கள், விஸ்வநாதன் ராமமூர்த்தி இசை, எம்.ஜி.ஆர்., சரோஜாதேவி என்று பட்டியல் சொல்லப்படும். 1977ல் எம்.ஜி.ஆர். முதலமைச்சரான பிறகு, அவருடைய அரசியலுக்கு முன்னுரை என்ற அர்த்தமும் படத்தின்மேல் ஏறிற்று. கதைதான் உதிர்ந்துபோயிற்று. இரண்டு மீனவக் கூட்டங்களின் பகை; அதில் குளிர்காயும் ஒரு பணக்காரர். நீர் யாருடையது, மீன் யாருக்கு என்ற கேள்விக்கு இது ஒரு வாசல்.

அந்தக் கேள்வியோடு பழவேற்காடு ஏரிக் குப்பங்களைப் பார்த்தால் படத்தின் பலவீனம் தெரியும். இங்கே சில குப்பங்களில் 'பாடு' என்றொரு ஏற்பாடு தலைமுறைகளாக உண்டு. வலை வைக்கும் இடத்துக்கும் அதன் முறைக்கும் அதுதான் பெயர். எல்லா இடத்திலும் மீன் ஒரே மாதிரி விழாது. ஆகவே சீட்டுப் போட்டு, முறை வைத்து, இடம் மாறி மாறிப் பிடிக்கிறார்கள். நல்ல இடம் ஒருவருக்கே நிலைப்பதில்லை. சண்டையை விலக்க நாயகன் வேண்டியிருக்கவில்லை, முறை போதுமாயிருந்தது.

இதையும் பொற்காலமாக்க வேண்டாம். பாடு உரிமை பட்டினவர் சமூகத்துக்கு மட்டும். மற்றவர்கள் வெளியே நின்றார்கள். இறால் ஏற்றுமதிச் சரக்காகி விலை ஏறியதும் அவர்களும் இடம் கேட்டார்கள், தகராறுகள் வந்தன.

'படகோட்டி' இரண்டையும் காணவில்லை: கூடி உண்டாக்கிய நியாயத்தையும், அந்த நியாயத்துக்கு வெளியே நிறுத்தப்பட்டவனையும். ஒரு நல்லவன், ஒரு கெட்டவன் அதற்குப் போதும். படத்தைக் கண்டிக்க இதைச் சொல்லவில்லை. வெகுஜன சினிமாவின் எல்லை அது. அந்த எல்லையைக் காட்டுவதே விமர்சனத்தின் வேலை. அது நடக்காதவரை, குப்பத்தில் உட்கார்ந்து டி.வி. பார்க்கிறவன் திரும்பிப் பார்ப்பது தன் சரித்திரத்தை அல்ல. தன் உடையை உடுத்திக்கொண்ட நட்சத்திரத்தை.